மொலோக்காய்த் தீவில் ஒரு சிற்றூர்

(யூபிலி விழாவின் முதல் நாள் மாலை, நற்கருணை ஆசீருக்குப் பின் பங்குத் தந்தை ஆற்றிய உரை)



நம் பங்கின் வரலாற்றை இந்த மலருக்காக எழுதித் தரும் பொறுப்பைப் பள்ளி ஆசிரியர் ஏற்று, நல்லவிதமாகவே முடித்திருக்கிறார். அடிக்கல் நாட்டிய ஆயர் யார், மணி எப்போது வந்தது, கூரை எப்போது ஓடாகி, ஓடு எப்போது காங்கிரீட் ஆனது என்பதெல்லாம் அதில் இருக்கிறது. பங்குத் தந்தையர் அனைவரின் படங்களும் வரிசையாக இருக்கின்றன. அதையே நாமும் திருப்பிச் சொன்னால் பின்வரிசையில் இருக்கும் பெரியவர்கள் கண்ணயர்ந்து விடுவார்கள். ஆகவே இன்று மாலை வேறோர் ஊரின் கதையைச் சொல்ல வந்திருக்கிறோம். கதை முடியும்போது உங்களிடம் ஒரு வேலையும் ஒப்படைக்கப் போகிறோம்.

அந்த ஊரின் பெயர் கலாவுபாப்பா. பசிபிக் பெருங்கடலில், ஹவாய்த் தீவுக்கூட்டத்தில், மொலோக்காய் என்னும் தீவின் வடகரையில் இருக்கிறது. பெயர் உங்களுக்குப் புதிதாயிருக்கலாம். ஆனால் தமியான் அடிகளாரின் பெயரைக் கேளாதவர் இங்கே இருக்க முடியாது. மறைக்கல்வி வகுப்பில் எத்தனை முறை சொல்லியிருக்கிறோம்! தொழுநோயாளரிடையே உழைத்து, தாமும் தொழுநோயாளரானார், அங்கேயே இறந்தார் என்று நம் பிள்ளைகள் மனப்பாடமாய் ஒப்பிப்பார்கள். அந்தத் தொழுநோயாளர் யார்? எங்கிருந்து வந்தார்கள்? அவர்களுக்கு முன் அந்த மண்ணில் யார் இருந்தார்கள்? அடிகளார் போன பிறகு ஊர் என்னவாயிற்று? இந்தக் கேள்விகளைப் பிள்ளைகள் கேட்பதில்லை, நாமும் சொல்வதில்லை.

முதலில் இடத்தை மனக்கண்ணால் பாருங்கள். கடலுக்குள் நாக்கு நீட்டியது போல ஒரு தட்டையான நிலம். அதன் மூன்று பக்கமும் கடல், அதுவும் கொந்தளிக்கும் கடல். நான்காவது பக்கம் 2,000 அடிக்கு மேல் செங்குத்தாய் எழும் மலைச்சுவர். அதில் இறங்குவதற்கு ஒரு பாதை உண்டு. 26 முறை வளைந்து வளைந்து ஏறத்தாழ 1,700 அடி இறங்கும் பாதை அது. அந்த நாக்கின் கீழ்க்கரையில் கலாவாவோ, மேற்கரையில் கலாவுபாப்பா.

மனிதர் இல்லாத காடாகக் கிடந்த இடம் என்று நினைத்துவிட வேண்டாம். பல நூற்றாண்டுகளாக ஹவாய்க் குடிகள் அங்கே சர்க்கரைவள்ளி பயிரிட்டு, மீன் பிடித்து, கல்லடுக்கிக் காற்றுக்குத் தடுப்புச் சுவர் கட்டி, மண்ணை நம்பி வாழ்ந்து வந்தார்கள். அவர்களுடைய கல்வரிசைகள் இன்றும் அந்த நிலமெங்கும் தெரிகின்றன.

ஐரோப்பியக் கப்பல்கள் வரத் தொடங்கிய பின், ஹவாய் மக்கள் அதுவரை அறியாத நோய்களால் கூட்டங்கூட்டமாக மடிந்தார்கள். தொழுநோயும் அப்படி வந்து சேர்ந்ததுதான். மருந்து கிடையாது. பரவும் விதமும் யாருக்கும் தெரியாது. 1865-ஆம் ஆண்டு ஜனவரி 3-ஆம் நாள் அரசர் ஐந்தாம் கமேஹமேஹா ஒரு சட்டத்தில் கையெழுத்திட்டார். தொழுநோய் கண்டவரைப் பிடித்துத் தனியே ஒதுக்கிவைக்க அரசுக்கு அதிகாரம் தந்த சட்டம் அது. ஒதுக்கிவைக்கத் தேர்ந்தெடுத்த இடம் இந்த நிலம். இயற்கையே சிறைச்சுவர் கட்டியிருக்கும்போது அரசாங்கம் செலவு செய்வானேன்?

1866-ஆம் ஆண்டு ஜனவரி 6-ஆம் நாள், அதாவது மூன்று இராசாக்கள் திருநாளன்று, முதல் கப்பல் வந்தது. ஒன்பது ஆண்கள், மூன்று பெண்கள், ஆகப் பன்னிரண்டு பேர் இறக்கிவிடப்பட்டார்கள். அப்போது தொடங்கி 1969 வரை ஏறத்தாழ 8,000 பேர் அப்படிக் கொண்டுவரப்பட்டார்கள். அவர்களில் மிகப் பெரும்பாலோர் ஹவாய்ப் பூர்வகுடிகள். அவர்கள் அந்த நோய்க்கு வைத்த பெயர் 'பிரிக்கும் நோய்'. உடலை அரிப்பதை வைத்து நாம் குஷ்டம் என்றோம். அவர்களோ தாயையும் பிள்ளையையும் பிரிப்பதை வைத்துப் பெயரிட்டார்கள்.

அரசாங்கத்தின் கணக்கு இதுதான்: நிலம் வளமானது, பழைய குடிகள் விட்டுப்போன வீடுகள் இருக்கின்றன, வந்தவர்கள் தாமே பயிர் செய்து தின்றுகொள்வார்கள். விரல் மரத்துப்போனவன் மண்வெட்டி பிடிப்பது எப்படி என்று கணக்குப் போட்டவர்கள் யோசிக்கவில்லை. முதல் ஆண்டுகளில் அங்கே பசியும் குளிரும் அடாவடியும் இருந்தது உண்மை. ஆனால் அதை மட்டுமே சொல்லி, தமியான் அடிகளார் வரும்வரை அவர்கள் எல்லாரும் காட்டுமிராண்டிகளாகக் கிடந்தார்கள் என்று பிரசங்கம் செய்வது நம்மவர்களிடையே ஒரு வழக்கமாகிவிட்டது. அது சரியன்று. அந்த முதல் ஆண்டான 1866 முடிவதற்குள்ளாகவே, நோயாளிகளில் 35 பேர் கூடி சீலோவாம் என்னும் பெயரில் ஒரு புரொட்டஸ்டாண்டு சபையை ஏற்படுத்திக்கொண்டார்கள். போதகர் வந்து நிறுவிய சபையன்று அது, நோயாளிகள் தாமே நிறுவியது. நம் கத்தோலிக்கர்களும் சேர்ந்து செபித்து வந்தார்கள். 1872-இல் ஒரு துறவறச் சகோதரர் வந்து புனித பிலோமினம்மாள் பெயரில் சிறு கோவில் ஒன்றைக் கட்டினார். ஆக, அடிகளார் வருவதற்கு முன்பே அங்கே ஜெபம் இருந்தது, கோவிலும் இருந்தது. (பிலோமினம்மாளின் பெயரை 1961-இல் உரோமை திருநாட்காட்டியிலிருந்து எடுத்துவிட்டது. கலாவாவோ கோவிலின் பெயர் மட்டும் மாறவில்லை. நம் ஊர்ப் பக்கத்துப் பிலோமினாள்களும் பெயரை மாற்றிக்கொள்ளவில்லையே!)

'கோக்குவா' என்று ஹவாய் மொழியில் ஒரு சொல் உண்டு. துணை, உதவி என்று பொருள். நோயில்லாத கணவனோ மனைவியோ, தாயோ, நோயுற்றவரோடு தாமும் கப்பலேறி வந்தால் அவரைக் கோக்குவா என்றார்கள். நாப்பெலா என்பவர் மோர்மன் சபையின் முக்கியத் தலைவர், செல்வாக்குள்ளவர். 1873-இல் தம் மனைவிக்கு நோய் கண்டதும் அவரோடு வந்துவிட்டார். குடியேற்றத்தைக் கண்காணிக்கும் பொறுப்பையும் சிலகாலம் ஏற்றார். சபை வேறாயினும் தமியான் அடிகளாரின் நண்பரானார். நோய் அவரையும் தொற்றியது. 1879-இல் கணவன் மனைவி இருவரும் இறந்தார்கள். திருமண நாளில் 'இன்பத்திலும் துன்பத்திலும், உடல்நலத்திலும் நோயிலும்' என்று நம் பிள்ளைகள் வாக்குக் கொடுக்கும்போது, வேறு சபையைச் சேர்ந்த இந்த மனிதரை நாம் நினைத்துக்கொள்வதுண்டு. ஏழைகள் மட்டுமே அங்கே போனார்கள் என்பதும் இல்லை. எம்மா அரசியின் உறவினர் பீட்டர் காயியோவும் அதே 1873-இல் அனுப்பப்பட்டார். அரசிக்கு அவர் எழுதிய கடிதங்கள் அச்சாகியிருக்கின்றன.

அந்த 1873, மே 10-ஆம் நாள்தான் ஆயர் மெக்ரேயுடன் தமியான் அடிகளார் கரையிறங்கினார். வயது 33. பெல்ஜியத்தில் திரெமெலோ என்னும் ஊரில் பிறந்தவர். நான்கு குருக்கள் முறைவைத்து மாறிமாறிப் போய்வருவது என்பதே ஏற்பாடு. முதல் முறைக்குப் போனவர் திரும்பவே இல்லை. தங்க வீடில்லாமல் கோவிலருகே ஒரு தாழைமரத்தடியில் படுத்தார். பிறகு பள்ளத்தாக்கிலிருந்து குழாய்வழியே தண்ணீர் கொண்டுவந்தது, வீடுகள் கட்டியது, சவப்பெட்டி செய்தது, குழி வெட்டியது, பையன்களுக்கு வாத்தியக்குழு அமைத்தது எல்லாம் நீங்கள் அறிந்தவையே. ஒன்றை மட்டும் சேர்த்துச் சொல்வோம். நோய் முற்றியவர்களுக்கு வாயில் எச்சில் ஊறிக்கொண்டே இருக்கும். அதற்கு வெட்கப்பட்டே சிலர் கோவிலுக்கு வராமல் இருந்தார்கள். அடிகளார் கோவில் பலகைத் தளத்தில் சிறுசிறு துளைகள் வெட்டிவைத்தார், துப்பிக்கொள்வதற்காக. இன்றும் அந்தத் துளைகளைக் காணலாம். நம் கோவிலுக்குப் பளிங்குத் தளம் போடவேண்டுமென்று பேச்சு நடக்கிறது. நடக்கட்டும். ஆனால் கோவில் தளங்களில் நமக்கு மிகவும் பிடித்தது அந்தத் துளை விழுந்த பலகைதான்.

இந்த வேலைகளையெல்லாம் அவர் தனியாளாய்ச் செய்யவில்லை. பலகை தூக்கியவர்களும் ஆணி அடித்தவர்களும் நோயாளிகள். விரல் போனவனும் தோள்கொடுத்தான். 1884-இன் இறுதியில் அவருக்கும் நோய் தென்பட்டது. 1889 ஏப்ரல் 15-ஆம் நாள், தம் 49-ஆம் வயதில், கோவில் விரிவாக்க வேலை முடியுமுன்னே இறந்தார்.

அவர் இறப்பதற்கு முன்பே வேறு துணைகள் வந்து சேர்ந்திருந்தன. சிரக்யூஸ் நகரத்துப் பிரான்சிஸ்கன் கன்னியர் சபைத் தலைவி அன்னை மரியன்னா கோப் 1883-இல் ஹவாய் வந்தார். ஐம்பதுக்கு மேற்பட்ட சபைகளிடம் உதவி கேட்டும் இசைந்தது அவர் ஒருவரே. 1888 நவம்பரில் இரு சகோதரிகளோடு கலாவுபாப்பாவுக்கே வந்து, பெண்பிள்ளைகளின் இல்லத்தை ஏற்று, 1918-இல் இறக்கும்வரை 30 ஆண்டுகள் அங்கிருந்தார். தம் சகோதரிகள் எவருக்கும் இந்த நோய் தொற்றாது என்று அவர் சொன்னார், அப்படியே ஆயிற்று. கைகழுவும் ஒழுங்கை அவர் எவ்வளவு கண்டிப்பாய் நடத்தினார் என்பதையும் சேர்த்துச் சொன்னால்தான் அது முழு உண்மை. பிள்ளைகளுக்கு நல்ல துணியில் உடை தைத்துக் கொடுத்தார், பூச்செடி வளர்த்தார். அடிகளார் இறந்த மறுமாதம் அங்கு வந்த ஆங்கில எழுத்தாளர் ஸ்டீவன்சன் அந்தப் பெண்பிள்ளைகளோடு பந்து விளையாடிவிட்டு, ஊர் திரும்பியபின் ஒரு பியானோவை அனுப்பிவைத்தார். 1886-இல் வந்த சகோதரர் தத்தன், அமெரிக்க உள்நாட்டுப் போரில் பணியாற்றியவர், 44 ஆண்டுகள் பையன்களின் இல்லத்தைக் கவனித்தார்.

இனி, பிரசங்கங்களில் வராத ஓர் ஆண்டைச் சொல்வோம். 1895. நோயாளிகள் கலாவாவோவில் இருந்த காலத்தில், மேற்கரையில் பழைய குடிகள் சிலர் தங்கள் வீடுகளிலேயே தொடர்ந்து வாழ்ந்து வந்தார்கள். கரையேறியவர்களுக்கு அவர்கள் இடமும் உணவும் தந்ததுண்டு. 1893-இல் அரசியின் ஆட்சி கவிழ்க்கப்பட்டது. 1895-இல் அந்தக் குடிகளையும் அரசாங்கம் வெளியேற்றிவிட்டது. பாட்டன் பூட்டன் எலும்பு கிடக்கும் மண்ணை விட்டு மலையேறிப் போனார்கள். நோயாளிகளைக் கொண்டுவந்து சேர்த்தது ஒரு கொடுமை. நோயில்லாதவர்களை வெளியே அனுப்பியது இன்னொரு கொடுமை. முன்னதைப் பேசுகிறோம், பின்னதை மறந்துவிடுகிறோம்.

அதன்பின் கொஞ்சங்கொஞ்சமாக எல்லாரும் மேற்கரைக்கு இடம்பெயர்ந்தார்கள். கலாவாவோவில் கோவில்களும் கல்லறைகளும் மட்டுமே எஞ்சின. கலாவுபாப்பா ஊராயிற்று. கடை, தபால் நிலையம், பந்தாட்டக் குழு, சினிமாக் கொட்டகை எல்லாம் வந்தன. கல்யாணங்கள் நடந்தன. ஆனால் பிறந்த குழந்தையைத் தாய் வைத்துக்கொள்ளக் கூடாது. பிறந்தவுடனே எடுத்துப்போய் விடுவார்கள். குழந்தைகள் இல்லத்தின் கண்ணாடிக்கு அப்பால் நின்று சிலகாலம் பார்க்கலாம், தொடக் கூடாது. பிறகு தீவுக்கு வெளியே அனுப்பிவிடுவார்கள். பார்க்க வரும் உறவினருக்கும் நோயாளிக்கும் நடுவில் கம்பித்தடுப்பு இருந்தது. இங்கிருக்கும் தாய்மார்களுக்கு இதை விரித்துச் சொல்ல வேண்டியதில்லை.

அடிகளார் கரையிறங்கிய அதே 1873-இல் நார்வே நாட்டில் ஹான்சன் என்னும் மருத்துவர் இந்த நோயின் கிருமியைக் கண்டுபிடித்தார். அடிகளாருக்கு அதனால் பயன் ஏதுமில்லை. மருந்து வர மேலும் 70 ஆண்டுகளாயிற்று. 1940-களில் சல்போன் மருந்துகள் வந்தன. கலாவுபாப்பாவுக்கு அவை 1946-இல் எட்டின. அதே காலத்தில் நம் செங்கற்பட்டுத் தொழுநோய் மருத்துவமனையில் டாக்டர் காக்ரேன் அவ்வகை மருந்துகளைக் கொடுத்துப் பார்த்தார் என்பது நாம் பெருமையோடு நினைக்கத்தக்கது. மனிதரில் மிகப் பெரும்பாலோருக்கு இந்த நோய் தொற்றவே தொற்றாது என்பதும், மருந்து தொடங்கிய சிறிது காலத்திலேயே நோயாளியிடமிருந்து பரவுவது நின்றுவிடும் என்பதும் இன்று நமக்குத் தெரியும். 1947-இல் கண்காணிப்பாளராக வந்த முன்னாள் கவர்னர் ஜட் என்பவர் ஊரிலிருந்த வேலிகளையும் தடுப்புகளையும் பிடுங்கி எறிந்தார். ஆயினும் ஒதுக்கிவைக்கும் சட்டம் 1969 வரை நீடித்தது. மருந்து வந்தபின்னும் இருபத்துமூன்று ஆண்டுகள்! அவர்களைப் பார்த்து நாம் தலையசைக்க வேண்டாம். 1898-இல் வெள்ளையர் நம் நாட்டில் போட்ட தொழுநோயாளர் சட்டம் 2016-இல்தான் நீக்கப்பட்டது.

1969-இல் கதவு திறந்தது. நீங்கள் என்ன எதிர்பார்ப்பீர்கள்? எல்லாரும் ஓடியிருப்பார்கள் என்றுதானே? பலர் போகவில்லை. சிறுவயதில் பிடித்துவரப்பட்டவருக்கு வெளியே யார் இருக்கிறார்கள்? முகத்தைப் பார்த்து விலகிப்போகும் தெருவில் அவருக்கு என்ன வேலை? கணவனைப் புதைத்த இடம் இங்கே, நண்பர்கள் இங்கே, பூசைக்குப் போகும் கோவில் இங்கே. எந்த இடத்துக்கு விலங்கிட்டுக் கொண்டுவந்தார்களோ அந்த இடம் அவர்களுக்குச் சொந்த ஊராகிவிட்டது. 1980-இல் அமெரிக்க அரசு அதைத் தேசிய வரலாற்றுப் பூங்காவாக்கியபோது, அவர்கள் உயிரோடிருக்கும்வரை அங்கேயே வாழலாம் என்று சட்டத்திலேயே எழுதிக் கொடுத்தது. இருக்க வேண்டும் என்று ஒரு சட்டம், இருக்கலாம் என்று இன்னொரு சட்டம். இந்த இரண்டுக்கும் நடுவே 115 ஆண்டுகள்.

அந்த ஊருக்கு நகராட்சி கிடையாது, பஞ்சாயத்தும் கிடையாது. கலாவாவோ என்று அதற்கென ஒரு தனி மாவட்டமே உண்டு. 1905-இல் ஏற்படுத்தியது. அமெரிக்க மாவட்டங்களில் நிலப்பரப்பில் மிகச் சிறியது. ஆனால் தேர்தலில்லை, ஹவாய் மாநிலச் சுகாதாரத் துறையே நிர்வாகம் செய்கிறது. 2020-ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கில் 82 பேர். அவர்களிலும் பெரும்பாலோர் அரசு ஊழியர்கள். பழைய நோயாளிகள் ஒவ்வொருவராய்க் கண்மூடி, மிகச் சிலரே எஞ்சினார்கள். கடைசி மனிதர் போனபின் என்ன செய்வது என்று மறுபடி யோசிக்க வேண்டுமென 1980-ஆம் ஆண்டுச் சட்டமே சொல்கிறது. சுற்றுலாக்காரர்களுக்குத் திறந்துவிடுவதா? 1895-இல் வெளியேற்றப்பட்டவர்களின் பேரப்பிள்ளைகளுக்குத் திருப்பித் தருவதா? கல்லறைகளைக் காப்பது யார்? இந்தக் கேள்விகளுக்குச் சுலபமான விடை இல்லை. நம்மைக் கேட்டால், அந்த நிலத்தில் புதைந்திருப்போரின் உறவினர்களை முதலில் கேளுங்கள் என்போம்.

ஏனென்றால் இன்னொன்றையும் கவனியுங்கள். தமியான் அடிகளாரைப் பிலோமினம்மாள் கோவிலருகே, தாம் முதல் நாள் படுத்த தாழைமரத்தடியில்தான் புதைத்தார்கள். 1936-இல் பெல்ஜியம் அவரது உடலைக் கேட்டு வாங்கிக்கொண்டது. நோயாளிகள் வேண்டாமென்று மன்றாடினார்கள், கேட்பாரில்லை. 1995-இல் அவர் முத்திப்பேறு பெற்றபின் அவரது வலக்கரம் மட்டும் அந்தப் பழைய கல்லறைக்குத் திரும்பி வந்தது. 2009 அக்டோபர் 11-ஆம் நாள் அவர் புனிதராக உயர்த்தப்பட்டபோது, கலாவுபாப்பாவின் முதியவர்கள் சிலர் உரோமைக்கே போயிருந்தார்கள். அன்னை மரியன்னா 2012-இல் புனிதரானார். அவரது உடலையும் 2005-இல் தோண்டியெடுத்துச் சிரக்யூஸுக்குக் கொண்டுபோனார்கள். 2014 முதல் ஹொனலூலு பேராலயத்தில் இருக்கிறது. ஆக, இரு புனிதரின் உடலும் அந்த ஊரில் இல்லை. ஊரில் இருப்பவர்கள் அந்த 8,000 பேரில் பெரும்பாலோர். அவர்களில் பெயர் அடையாளத்தோடு கல்லறை உள்ளவர்கள் ஏறத்தாழ 1,300 பேர்தான்.

மற்றவர்களின் பெயர்களைத் தேடும் வேலையை, 2003-இல் நோயாளிகளும் அவர்களுடைய உறவினர்களும் நண்பர்களுமாகச் சேர்ந்து அமைத்த ஒரு சங்கம் எடுத்துக்கொண்டது. அனுப்பப்பட்டவர்களின் பெயர்களையெல்லாம் பொறித்து அந்த மண்ணிலேயே நினைவுச்சின்னம் எழுப்ப 2009 மார்ச்சில் சட்டம் அனுமதி தந்தது. பழைய பதிவேடுகளைப் புரட்டி, ஒரே ஆளின் பெயர் நான்கு விதமாய் எழுதப்பட்டிருப்பதைச் சரிபார்த்து, ஒவ்வொன்றாய்ச் சேர்த்தார்கள். "என் பாட்டியின் தங்கை எங்கே போனாள் என்று வீட்டில் யாரும் வாய்திறந்ததில்லை" என்கிற மாதிரிக் குடும்பங்கள் அந்தத் தீவுகளில் ஏராளம். அவமானம் என்று மறைத்த பெயர்களை இப்போது பேரப்பிள்ளைகள் தேடி வருகிறார்கள்.

இப்போது அந்த வேலைக்கு வருவோம். நம் மலரில் பங்குத் தந்தையர் படம் இருக்கிறது. நன்கொடையாளர் பட்டியல் இருக்கிறது, ஐம்பது ரூபாய் கொடுத்தவர் பெயர்கூட விடுபடவில்லை. கோவில் கட்ட மண் சுமந்தவர்களின் பெயர்கள் இல்லை. கல்லறைத் தோட்டத்தின் கிழக்கு மூலையில் கல் இல்லாத மேடுகள் எத்தனை என்று நம் உபதேசியாரைக் கேட்டோம். எண்ணி மாளவில்லை என்றார். இறந்தோர் பதிவேட்டின் பழைய ஏடுகளைப் பூச்சி அரிப்பதற்கு முன் புதிதாகப் படியெடுக்க ஏற்பாடு செய்திருக்கிறோம். உங்கள் வீட்டில் அங்கே புதைக்கப்பட்டவர்கள் யார், எந்த ஆண்டு, யாருடைய மகன் அல்லது மகள் என்று பெரியவர்களைக் கேட்டு எழுதிக் கொண்டுவாருங்கள். நோயால் வீட்டைவிட்டு விலக்கி வைக்கப்பட்டவர்கள், கோபித்துக்கொண்டு போனவர்கள், யாரும் பேச விரும்பாதவர்கள் இருந்தால் அவர்கள் பெயரையும் விடாதீர்கள். ஞாயிறு பூசைக்குப் பின் உபதேசியார் அறைவீட்டுத் திண்ணையில் இருப்பார். எழுதத் தெரியாதவர்கள் சொன்னால் போதும், அவர் எழுதிக்கொள்வார். நவம்பர் 2-ஆம் நாள் கல்லறைத் திருநாளுக்குள் வந்து சேரும் பெயர்களையெல்லாம் அன்று மந்திரிப்புக்கு முன் வாசிக்கச் சொல்லியிருக்கிறோம்.